இம்மானுவேல் சேகரன்: எதிர்த்து நின்ற வாழ்வும் நினைவுக்கான வழக்கும்

செப்டம்பர் பிறந்துவிட்டால் இராமநாதபுரம் மாவட்டத்தில் தடையாணை அமலுக்கு வருவது ஆண்டுதோறும் காணும் காட்சியாகிவிட்டது. செப்டம்பர் 11 அன்று பரமக்குடியில் நடைபெறும் இம்மானுவேல் சேகரன் நினைவேந்தலும், அக்டோபர் 30 அன்று பசும்பொன்னில் நடைபெறும் முத்துராமலிங்கத் தேவர் குருபூசையும் சட்டம் ஒழுங்கு என்ற ஒரே சொல்லுக்குள் அடக்கப்படுகின்றன. இன்று கல்லூரியில் பயிலும் தலைமுறையினருள் பலர் இம்மானுவேல் என்ற பெயரை முதலில் அறிவது சோதனைச் சாவடிகளின் வழியாகத்தான். அந்தப் பெயருக்குரிய மனிதர் 32 ஆண்டுகளும் சில மாதங்களுமே வாழ்ந்தார் என்பதும், அந்தக் குறுகிய காலத்தில் அவர் எதை எதிர்த்தார் என்பதும் காவல் துறையின் பாதுகாப்பு ஏற்பாடுகளைப் பற்றிய செய்திகளுக்கு அடியில் புதைந்துபோகின்றன.

இந்த வாழ்வைச் சொல்லும்போது ஜெர்மனியின் கதையையும் இடையிடையே தொட்டுச் செல்ல விரும்புகிறோம். நாஜி ஆட்சியை எதிர்த்துக் கொல்லப்பட்டவர்களை, அந்த ஆட்சி வீழ்ந்த பிறகும் அந்நாடு உடனே ஏற்றுக்கொள்ளவில்லை. எதிர்த்தவர் துரோகியா, தியாகியா என்ற வழக்கு அங்கே பல பத்தாண்டுகள் நடந்தது. இங்கே அது இன்னும் நடக்கிறது.

இம்மானுவேல் 1924 அக்டோபர் 9 அன்று முதுகுளத்தூர் வட்டம் செல்லூரில் பிறந்தார். தந்தை வேதநாயகம் பள்ளி ஆசிரியர், தாய் ஞானசௌந்தரி. மழையையும் கண்மாயையும் நம்பி வாழும் வறண்ட சீமை அது. நிலமும் நீரும் யார் கையில் இருந்தனவோ அவர்களிடமே ஊரின் வாயும் இருந்தது. தேவேந்திர குலத்தைச் சேர்ந்த ஒருவர் ஆசிரியராக இருப்பதே அன்றைய முதுகுளத்தூரில் ஒரு மீறல்.

அது எவ்வளவு பெரிய மீறல் என்பதை அறிய, இம்மானுவேலுக்கு ஆறு வயதானபோது நடந்த ஒன்றைப் பார்க்க வேண்டும். 1930 டிசம்பரில் இராமநாதபுரம் மாவட்டத்தின் ஆதிக்கச் சாதியினர் கூடி, ஒடுக்கப்பட்ட மக்கள் மீது எட்டுத் தடைகளை விதித்தனர். பொன் நகையோ வெள்ளி நகையோ அணியக் கூடாது. ஆண்களின் வேட்டி முழங்காலுக்குக் கீழே இறங்கக் கூடாது. சட்டையும் பனியனும் கூடாது. முடியைக் கத்தரித்துக்கொள்ளக் கூடாது. மண்பாண்டம் தவிர வேறு பாத்திரம் புழங்கக் கூடாது. பெண்கள் மேலாடை அணியவோ, பூவும் மஞ்சளும் சூடிப் பூசவோ கூடாது. குடையும் செருப்பும் கூடாது. இவற்றை மீறியவர்களின் குடிசைகள் எரிக்கப்பட்டன, தானியம் அழிக்கப்பட்டது, கால்நடைகள் பறிக்கப்பட்டன. போதிய அளவு பணியவில்லை என்று கருதியவர்கள் 1931 ஜூனில் மீண்டும் கூடித் தடைகளைப் பதினொன்றாக உயர்த்தினர். பிள்ளைகள் எழுத்தறியக் கூடாது, மிராசுதாரரின் மாடு மேய்க்க மட்டுமே அனுப்பப்பட வேண்டும் என்பது அவற்றுள் ஒன்று. 1931 மக்கள் தொகைக் கணக்கெடுப்பின் ஆணையராக இருந்த ஜே. எச். ஹட்டன் இவற்றைப் பதிவு செய்திருக்கிறார்.

ஜெர்மனியில் நியூரம்பர்க் சட்டங்கள் வந்தது 1935 இல். யூதர்களின் குடியுரிமையைப் பறித்த அந்தச் சட்டங்களை நாடாளுமன்றம் என்ற பெயரில் கூடிய ஓர் அவை நிறைவேற்றியது, அரசிதழில் அச்சிட்டது. இராமநாதபுரத்துத் தடைகளுக்கு அரசிதழ் தேவைப்படவில்லை. ஊர்க்கூட்டம் போதும். இரண்டையும் ஒன்றென்று நாம் கூறவில்லை. நச்சுவாயு அறைகளும் இலட்சக்கணக்கானோரை ஏற்றிச் சென்ற தொடர்வண்டிகளும் அங்கே இருந்தன. அவற்றுக்கு இணை தேடுவது மாண்டவர்களுக்குச் செய்யும் அவமதிப்பு. ஆனால் ஒரு மனிதர் எதை உடுத்தலாம், எதில் உண்ணலாம், பிள்ளையை எங்கே அனுப்பலாம் என்பதைப் பிறப்பைக் கொண்டு மற்றொருவர் முடிவு செய்யும் மனநிலை இரண்டுக்கும் பொதுவானது. அங்கே அது பன்னிரண்டு ஆண்டுகள் ஆட்சி செய்தது. இங்கே அதற்குத் தொடக்க ஆண்டு குறிக்க முடியாது.

ஆசிரியர் வேதநாயகத்தின் மகன் எழுத்தறிந்தார். பரமக்குடியில் தமிழ் சுவிசேஷ லுத்தரன் திருச்சபையின் பள்ளியிலும், பின்னர் இராமநாதபுரம் சுவார்ட்சு உயர்நிலைப் பள்ளியிலும் பயின்றார். பிரஷ்யாவில் பிறந்து 1798 இல் தஞ்சாவூரில் மறைந்த லுத்தரன் மறைப்பணியாளர் சுவார்ட்சின் பெயரைத் தாங்கிய பள்ளி அது. இராமநாதபுரத்து ஒடுக்கப்பட்ட பிள்ளைகள் பலருக்குக் கிடைத்த முதல் பலகையும் பலப்பமும் இத்தகைய பள்ளிகளில் கிடைத்தவையே. இதை நன்றியோடு சொல்லும் அதே வேளையில் மற்றொன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். 19 ஆம் நூற்றாண்டில் ஜெர்மனியின் லைப்சிக் மிஷன் தமிழ்நாட்டுத் திருச்சபைக்குள் சாதியைப் பொறுத்துக்கொண்டது. சாதி என்பது சமூக வழக்கம், அது சமயத்தைச் சேர்ந்ததன்று என்பது அவர்களின் வாதம். ஒரே பாத்திரத்தில் நற்கருணை பெற மறுத்தவர்களும் அதன் சபைகளில் உறுப்பினராகத் தொடர முடிந்தது.

ஏறத்தாழ நூறாண்டுகள் கழித்து இதே கேள்வி ஜெர்மனியின் சொந்த வாசலுக்கு வந்து சேர்ந்தது. 1933 இல், யூதப் பிறப்புடைய கிறிஸ்தவர்களைத் திருச்சபைப் பணியிலிருந்து நீக்க வேண்டும் என்று நாஜி ஆதரவாளர்கள் கோரினர். ஞானஸ்நானம் பெற்றவரைப் பிறப்பால் பிரிக்கும் சபை சபையே அன்று என்று வாதிட்ட இளம் லுத்தரன் இறையியலாளர் டீட்ரிக் போன்ஹோஃபர், காந்தியிடம் வந்து தங்கிக் கற்க விரும்பி அழைப்பும் பெற்றிருந்தார், வர இயலவில்லை. 1945 ஏப்ரல் 9 அன்று ஃபுளோசன்பர்க் முகாமில் தூக்கிலிடப்பட்டார். வந்திருந்தால் தம் திருச்சபையின் தமிழ்க் கிளையில் சாதியைக் கண்டு என்ன சொல்லியிருப்பார் என்று நாம் எண்ணிப் பார்ப்பதுண்டு.

இம்மானுவேல் தம் பதினெட்டாம் வயதில், 1942 இன் வெள்ளையனே வெளியேறு இயக்கத்தில் ஈடுபட்டுச் சிறை சென்றார். மூன்று மாதச் சிறைவாசம். 1945 இல் அதே ஆட்சியின் இராணுவத்தில் சேர்ந்து அவில்தார் நிலைக்கு உயர்ந்தார். இதை முரண் என்று சுட்டுவோர் உண்டு. ஒடுக்கப்பட்ட மக்களின் கண்ணால் பார்த்தால் இதில் முரண் ஏதுமில்லை. இராணுவத்தில் சேருமாறு தம் மக்களை அம்பேத்கரே தூண்டினார்; 1941 இல் மகர் படைப்பிரிவு மீண்டும் உருவாவதற்கு அவருடைய முயற்சியும் காரணம். எட்டுத் தடைகளை நினைவில் கொள்வோம்: சட்டை கூடாது, செருப்பு கூடாது, முடி கத்தரிக்கக் கூடாது. இராணுவம் சட்டை கொடுத்தது, காலணி கொடுத்தது, முடியைக் கத்தரிக்கச் சொல்லிக் கட்டளையும் இட்டது. விடுப்பில் ஊர் திரும்பும் ஒரு படைவீரர் தெருவில் நடந்து செல்வதே ஊர்க்கட்டுப்பாட்டைக் காலால் மிதிப்பதாக இருந்தது. 1946 இல் அமிர்தம் கிரேசை மணந்தார். நான்கு பெண் மக்கள் பிறந்தனர்.

போர்க்காலத்து அரசியலின் மற்றொரு இழையும் இராமநாதபுரத்தைத் தொடுகிறது. முத்துராமலிங்கத் தேவர் சுபாஷ் சந்திர போசின் வழி நின்றவர். ஃபார்வர்டு பிளாக் கட்சியின் தமிழ்நாட்டுத் தலைவர். போஸ் 1941 முதல் 1943 வரை பெர்லினில் இருந்தார். அங்கே ஜெர்மானிய வெளியுறவுத் துறையின் இந்தியப் பிரிவைக் கவனித்து வந்த ஆடம் ஃபொன் ட்ராட் என்ற அதிகாரி, இரகசியமாக ஹிட்லர் எதிர்ப்பு வட்டத்தில் இருந்தவர். 1944 ஜூலை 20 கொலை முயற்சி தோற்றதும் அவர் பிடிபட்டு ஆகஸ்ட் 26 அன்று தூக்கிலிடப்பட்டார். இந்திய விடுதலைக்கு நாஜிகளின் உதவியை நாடிய தலைவருக்கு, நாஜிகளைக் கவிழ்க்க முயன்ற ஒருவரே அலுவலகம் நடத்திக் கொடுத்தார். வரலாற்றில் ஒருவர் எந்தப் பக்கம் நின்றார் என்பதற்கு ஒற்றை வரியில் விடை சொல்வோரை நாம் ஐயத்தோடு பார்க்க வேண்டியிருப்பது இதனால்தான். தேவரின் வாழ்விலும் குற்றப் பரம்பரைச் சட்டத்தை எதிர்த்த உண்மையான போராட்டம் உண்டு. பிறப்பைக் கொண்டு ஒரு மக்கள் கூட்டத்தையே குற்றவாளிகள் என்று முத்திரை குத்திய கொடுஞ்சட்டம் அது. அதை எதிர்த்த இயக்கம் தனக்குக் கீழே வைக்கப்பட்ட மக்களின் நிமிர்வை ஏன் பொறுக்கவில்லை என்பதே முதுகுளத்தூர் நம்மிடம் விட்டுச் சென்ற கடினமான கேள்வி.

இராணுவத்திலிருந்து திரும்பிய இம்மானுவேல் 1950களில் ஊர் ஊராகச் சென்றார். ஒடுக்கப்பட்டோர் அமைப்பை மாவட்டத்தில் கட்டினார். தேநீர்க் கடைகளின் இரட்டைக் குவளை முறையை எதிர்த்தும், கைம்பெண் மறுமணத்தை ஆதரித்தும் மாநாடுகள் கூட்டினார். இந்த இரண்டாவதைப் பலரும் மறந்துவிட்டனர். மேலே உள்ளவரை எதிர்ப்பது ஒன்று; தம் மக்களின் வீட்டுக்குள் இருக்கும் வழக்கத்தை மாற்றச் சொல்வது மற்றொன்று. இரண்டையும் ஒரே மேடையில் வைத்தார் அவர். காமராசர் முதலமைச்சரான காலத்தில் காங்கிரசோடு இணைந்து செயல்பட்டார். அதைச் சமரசம் என்று இன்றைய வசதியான இடத்திலிருந்து கூறிவிடலாம். ஆயுதமில்லாத சேரிகளுக்கு அன்று காவல் நிலையத்தின் கதவையாவது திறந்து வைக்கக்கூடிய அதிகாரம் தேவைப்பட்டது. அது காங்கிரசிடம் இருந்தது.

1957 பொதுத் தேர்தலில் தேவர் நாடாளுமன்றத்துக்கும் முதுகுளத்தூர் சட்டமன்றத் தொகுதிக்கும் ஒருசேரத் தேர்வானார். சட்டமன்ற இடத்தை விட்டுக்கொடுத்ததால் ஜூலை தொடக்கத்தில் இடைத்தேர்தல் நடந்தது. ஃபார்வர்டு பிளாக் வேட்பாளர் சசிவர்ணத் தேவர் வென்றார். காங்கிரசுக்கு வாக்களித்தவர்கள் என்று கருதப்பட்ட தேவேந்திரர் குடியிருப்புகள் தாக்கப்பட்டன; சில ஊர்களில் அவர்கள் திருப்பித் தாக்கினர். அதுவரை அடிவாங்கி ஊரைவிட்டு ஓடியவர்கள் இப்போது நின்று எதிர்த்ததுதான் அன்றைய ஆதிக்கத்துக்கு விளங்காத புதிராக இருந்தது.

செப்டம்பர் 10 அன்று மாவட்ட ஆட்சியர் முதுகுளத்தூரில் அமைதிக் கூட்டம் கூட்டினார். தேவர் வந்தார். தேவேந்திரர் தரப்பின் பிரதிநிதியாக இம்மானுவேல் வந்தார். அவரைத் தமக்கு இணையான தலைவராக ஏற்கத் தேவர் மறுத்தார். ஒரே அறிக்கையில் சேர்ந்து கையெழுத்திடவும் உடன்படவில்லை. இறுதியில் தனித்தனித் தாள்களில் கையெழுத்து வாங்கப்பட்டது. தேநீர்க் கடையில் இரண்டு குவளைகள் இருந்ததைப் போல, அமைதிக்கும் அன்று இரண்டு தாள்கள் தேவைப்பட்டன. அரசின் அதிகாரியும் அந்த ஏற்பாட்டுக்கு இசைந்தார் என்பதை நாம் குறித்துக்கொள்ள வேண்டும். ஆயினும் அந்தக் கூட்டத்தில் ஒரு புதிய நிகழ்வு நடந்தேறிவிட்டது. ஆதிக்கச் சாதித் தலைவரின் எதிரே, ஒரே மேசையில், சேரியின் பிரதிநிதி அமர்ந்து தம் மக்களுக்காகப் பேசினார்.

மறுநாள், செப்டம்பர் 11 இரவு, பரமக்குடிப் பேருந்து நிலையத்தின் அருகே அவர் வெட்டிக் கொல்லப்பட்டார்.

அதைத் தொடர்ந்து எழுந்த வன்முறையில் முதுகுளத்தூர், பரமக்குடி, அருப்புக்கோட்டை வட்டாரங்களில் ஆயிரக்கணக்கான வீடுகள் எரிந்தன. அவற்றுள் மிகப் பெரும்பாலானவை தேவேந்திரர் வீடுகள். செப்டம்பர் 14 அன்று கீழத்தூவலில் காவல் துறை சுட்டதில் மறவர் சமூகத்தைச் சேர்ந்த ஐவர் மாண்டனர். அவர்களுக்காகவும் கேள்வி கேட்க வேண்டியது நம் கடமை என்றே கருதுகிறோம். துப்பாக்கியை இயக்கியவர்கள் யாரைச் சுட்டார்கள் என்பதைப் பார்த்து நீதி கேட்பது நம் வழக்கமாகிவிட்டால், பின்னாளில் நம்மீது சுடும்போது கேட்கத் தகுதியற்றவர்களாகிவிடுவோம். தேவர் செப்டம்பர் இறுதியில் தடுப்புக் காவலில் வைக்கப்பட்டார். கொலை வழக்கில் குற்றம் சாட்டப்பட்டு, 1959 ஜனவரியில் நீதிமன்றத்தால் விடுவிக்கப்பட்டார்.

இனி ஜெர்மனிக்கு வருவோம். நாஜி ஆட்சி வீழ்ந்து ஏழு ஆண்டுகள் கழித்து, 1952 இல், பிரவுன்ஷ்வைக் நகர நீதிமன்றத்தில் ஒரு வழக்கு நடந்தது. ஜூலை 20 கிளர்ச்சியை ஒடுக்கிய தளபதிகளுள் ஒருவரான ரேமர், அந்தக் கிளர்ச்சியாளர்களை நாட்டுத் துரோகிகள் என்று தேர்தல் மேடையில் இகழ்ந்தார். அரசு வழக்கறிஞர் ஃபிரிட்ஸ் பாயர் அவர் மீது வழக்குத் தொடர்ந்தார். பாயர் யூதப் பிறப்புடையவர். நாஜி முகாமில் அடைபட்டு, பின்னர் நாடுகடந்து உயிர் பிழைத்தவர். அநீதியையே ஆட்சிமுறையாகக் கொண்ட அரசுக்கு எதிராகத் துரோகம் என்ற குற்றமே எழ முடியாது என்பது அவர் நிறுவிய வாதம். ரேமருக்கு மூன்று மாதத் தண்டனை கிடைத்தது. கிளர்ச்சியாளர்களின் மனைவியர் சிலருக்கு, கணவர் துரோகி என்பதால் ஓய்வூதியம் இல்லை என்று கைவிரித்த அலுவலகங்கள் இருந்த நாடு அது. அவர்களைத் தூக்குக்கு அனுப்பிய நீதிபதி ஃபிரைஸ்லரின் மனைவிக்கோ ஓய்வூதியம் தடையின்றிச் சென்றது.

இங்கே நாம் கவனிக்க வேண்டியது, எந்த எதிர்ப்பாளருக்கு மதிப்பு முதலில் கிடைத்தது என்பதை. பிரபுக் குடும்பத்து இராணுவ அதிகாரிகளுக்கு முதலில் கிடைத்தது. கியோர்க் எல்சர் ஒரு தச்சர். எந்தக் கட்சியின் கட்டளையும் இன்றித் தனியொருவராக 1939 நவம்பர் 8 அன்று மியூனிக் மதுக்கூடத்தில் ஹிட்லரைக் கொல்ல வெடிகுண்டு வைத்தவர். ஹிட்லர் சற்று முன்பே கிளம்பிவிட்டதால் தப்பினான். குண்டுவெடிப்பில் எட்டுப் பேர் மாண்டனர். எல்சர் 1945 ஏப்ரல் 9 அன்று, போன்ஹோஃபர் மாண்ட அதே நாளில், டாக்கவ் முகாமில் சுட்டுக் கொல்லப்பட்டார். ஒரு தச்சரால் இதைத் தனியாகச் செய்திருக்க முடியாது என்றும், அவர் யாரோ ஒருவரின் கைக்கூலி என்றும் போருக்குப் பின்னும் பேசினார்கள். 1964 இல் விசாரணை ஆவணங்கள் கிடைக்கும் வரை அந்தப் பழி நீங்கவில்லை. போரிட மறுத்துப் படையை விட்டு ஓடிய எளிய வீரர்கள் மீதான தண்டனைகள் 2002 இல்தான் ஒட்டுமொத்தமாக நீக்கப்பட்டன. சிந்தி, ரோமா மக்களின் நிலை இன்னும் கசப்பானது. 1943க்கு முன் அவர்கள் துன்புறுத்தப்பட்டது இனவெறியால் அன்று, குற்றத் தடுப்புக்காகவே என்று 1956 இல் ஜெர்மனியின் உச்ச நிலை நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அவர்கள் மீது நடந்தது இனப்படுகொலை என்று அரசு ஒப்புக்கொள்ள 1982 வரை ஆனது. அதையும் அம்மக்கள் உண்ணாநிலைப் போராட்டம் நடத்தித்தான் பெற்றார்கள். அடித்தட்டிலிருந்து எதிர்த்தவர்களும் அடித்தட்டில் மாண்டவர்களும் நினைவின் வரிசையில் கடைசியில் நிறுத்தப்பட்டார்கள்.

தமிழ்நாட்டின் வரிசையும் வேறல்ல. தேவரின் பிறந்த நாள் பல பத்தாண்டுகளாக அரசு விழா. 1995 இல் அவருக்கு அஞ்சல் தலை வந்தது. 2014 இல் பசும்பொன் சிலைக்குத் தங்கக் கவசம் அளிக்கப்பட்டது. இம்மானுவேலின் கல்லறைக்கு நெடுங்காலம் அவருடைய மக்கள் மட்டுமே வந்தார்கள். ஆட்சியாளர்களோ பெரிய கட்சிகளோ அந்தப் பக்கம் திரும்பவில்லை. முளைப்பாரியைத் தலையில் சுமந்த பெண்களும், சொந்தச் செலவில் வேன் பிடித்து வந்த இளைஞர்களும்தான் அந்த நாளைக் காப்பாற்றினார்கள். 2010 அக்டோபர் 9 அன்று இந்திய அஞ்சல் துறை அவர் உருவத்தோடு அஞ்சல் தலை வெளியிட்டது. அதற்கு அடுத்த ஆண்டே, 2011 செப்டம்பர் 11 அன்று, நினைவேந்தலுக்குக் கூடிய மக்கள் மீது பரமக்குடி ஐந்து முனைச் சாலையில் காவல் துறை துப்பாக்கிச் சூடு நடத்தியது. இரண்டு நாள்களுக்கு முன் ஒரு தேவேந்திரர் மாணவர் கொல்லப்பட்டிருந்தார். அஞ்சலி செலுத்த வந்துகொண்டிருந்த தலைவர் ஜான் பாண்டியன் வழியில் தடுத்து வைக்கப்பட்டார். அதை எதிர்த்து மறியல் நடந்தது, அறுவர் உயிரிழந்தனர். விசாரணைக்கு அமர்த்தப்பட்ட நீதிபதி சம்பத் ஆணையம் காவல் துறையின் செயலை நியாயம் என்றது.

பரமக்குடியில் இம்மானுவேலுக்கு மணிமண்டபம் கட்டப்படும் என்ற அறிவிப்பு 2023 இல் வந்தது. மூன்று கோடி ரூபாய் ஒதுக்கப்பட்டது. கொல்லப்பட்டு 66 ஆண்டுகள் கழித்து. வரவேற்கிறோம். ஆனால் ஜெர்மனிக்கும் நமக்கும் உள்ள வேறுபாடு மண்டபத்தால் தீரக்கூடியதன்று. அங்கே எதிர்ப்பாளர்களின் பெயரில் பள்ளிகள் எழுந்தபோது, அவர்கள் எதிர்த்த ஆட்சி வீழ்ந்து கிடந்தது. இங்கே எந்த ஒழுங்கை எதிர்த்து இம்மானுவேல் மாண்டாரோ அது தேர்தலில் நிற்கிறது, வாக்குக் கேட்கிறது, அவருடைய கல்லறையிலும் மலர்வளையம் வைத்துவிட்டுப் போகிறது.

நம் பக்கத்துக் குறையையும் சொல்லியாக வேண்டும். பால்குடம், குருபூசை என்று எதிர்த் தரப்பின் சடங்கையே நகலெடுத்து, கைம்பெண் மறுமணத்துக்கு மாநாடு கூட்டிய ஒரு மனிதரைக் குலதெய்வமாக ஆக்கிக்கொண்டிருக்கிறோம். ஒடுக்கப்பட்டோர் என்ற அகன்ற சொல்லில் அமைப்பு கட்டியவரின் படம் இன்று ஒற்றைச் சாதியின் சுவரொட்டியில் ஒட்டப்படுகிறது. பறையரும் அருந்ததியரும் அந்த நாளைத் தம் நாளாகக் கருதப் பரமக்குடி என்ன செய்திருக்கிறது என்று நினைவேந்தல் மேடைகளில் கேட்பவர் அரிது. அவர் கூட்டிய மாநாடுகளின் தீர்மானங்களைத் தேடித் தொகுக்கும் வேலைக்குக் கல்லூரி மாணவர்கள் முன்வரலாம். அவருடன் களத்தில் நின்ற முதியவர்களின் நினைவுகள் பதிவு செய்யப்படாமலே மறைந்துகொண்டிருக்கின்றன.

மானாமதுரையிலிருந்து இராமேசுவரம் செல்லும் இருப்புப்பாதையில் பரமக்குடி ஒரு நிறுத்தம். நிலையத்திலிருந்து ஐந்து முனைச் சாலைக்கு நடந்தே போய்விடலாம். 2011 இல் அங்கே வீழ்ந்தவர்களின் குடும்பங்களுக்கும் இப்போது செப்டம்பர் 11 நினைவு நாள்தான். அவர்களுக்கு மணிமண்டப அறிவிப்பு எதுவும் இதுவரை இல்லை.